அடியில் தங்கிய பழம்

அக்கா மாவு கலந்த கப்பைத் தூக்கிச் சமையல் மேடைமேல் டொக் டொக்கென்று தட்டினாள்.

"போதும், மேடை பிளந்துடப் போகுது," என்றான் தம்பி, சட்டைப் பொத்தானைப் போட்டபடி.

"காத்துக் குமிழி போகணும்டா."

"குமிழி வேணும்னுதான் ஊருலகத்துல எல்லாரும் பேக்கிங் பவுடர் போடுறாங்க. நீ அதையும் போட்டுட்டு, அப்புறம் தட்டித் தட்டித் துரத்தி விடுற. எதுக்கு இந்த வேலை?"

"கைப் பழக்கம். நாள் பூரா பிளாஸ்டர் கலக்கித் தட்டுற கை. வீட்டுக்கு வந்ததும் வேற கையா மாட்டிக்க முடியும்?"

இந்தச் சண்டை அந்த வீட்டில் காலைக் காப்பியைப் போல. இல்லாவிட்டால்தான் ஏதோ குறைந்தது போலிருக்கும்.

அக்காவுக்குப் பல் செட் செய்யும் கூடத்தில் வேலை. பல் டாக்டர்கள் ஆட்களின் வாயில் எடுத்து அனுப்பும் அச்சுகளில் பிளாஸ்டரை ஊற்றித் தாடைகளை வார்ப்பது அவள் பொறுப்பு. குமிழி ஒன்று தப்பான இடத்தில் மாட்டிக்கொண்டால் பிளாஸ்டரில் பள்ளம் விழும். அதை வைத்துச் செய்யும் பல் செட் யாரோ ஒருவரின் ஈறைப் பதம் பார்க்கும். தம்பி ஒரு அச்சகத்தில் ப்ரூஃப் பார்த்தான். மருந்துப் பெட்டிக்குள் எட்டாய் மடித்து வைக்கிறார்களே, யாரும் பிரித்துப் படிக்காத அந்தக் காகிதம், அதைக் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு படித்து, கமா முதற்கொண்டு பிழை பிடிப்பதற்குத்தான் அவனுக்குச் சம்பளம். அதனால் அக்கா அவனுக்கு 'கமா' என்று பெயர் வைத்திருந்தாள். ஐம்பதைத் தாண்டிய ஆளைக் கடைத்தெருவில் வைத்தும் அப்படித்தான் கூப்பிடுவாள்.

இரண்டு பேருக்கும் கல்யாணம் கூடிவரவில்லை. கூடிவரவில்லையே என்று அவர்கள் கவலைப்படவும் இல்லை.

மைக்ரோவேவ் அடுப்பு வாங்கியபோது கூடவே வந்த சின்னப் புத்தகத்தில் ஒரு பழ மஃபின் செய்முறை இருந்தது. ஒரே கப்பில் நாலு கரண்டி மைதா, அதில் பாதி சர்க்கரை, துளி பேக்கிங் பவுடர், பால், எண்ணெய், கையில் இருக்கிற பழம். கலந்து உள்ளே வைத்தால் ஒன்றரை நிமிஷம். 'ஒருவருக்கு' என்று மேலே போட்டிருந்தது. அக்கா அதைத்தான் இருவருக்குமாகச் செய்தாள்.

"இன்னொரு கப் செஞ்சா குறைஞ்சா போயிடுவ?" என்று தம்பி ஆரம்பத்தில் கேட்டுப் பார்த்தான்.

"ஒரு ஆளு சாப்பாட்டை ரெண்டு பேர் சாப்பிட்டா ஆளுக்குப் பாதி உடம்பு குறையும். உன் வயித்தைப் பாரு முதல்ல."

அவன்தான் காலையில் முதலில் கிளம்ப வேண்டியவன். ஆகவே மேல் பாதி அவனுக்கு. நின்றபடியே கரண்டியால் தோண்டித் தின்றுவிட்டுக் கப்பை மேஜையில் அக்கா பக்கம் தள்ளுவான். அவள் சாவகாசமாக உட்கார்ந்து மிச்சத்தைச் சாப்பிடுவாள். இதில் ஒரு விஷயம். மேல் பாதி பஞ்சு மாதிரி இருக்கும், அவ்வளவுதான். நறுக்கிப் போட்ட பேரிக்காய்த் துண்டு ஒன்றுகூட அதில் தட்டுப்படாது. அத்தனையும் கீழே இறங்கி, சர்க்கரையோடு இளகி, அடிப் பாதியில் கிடக்கும்.

தம்பிக்கு இது தெரியாமல் இல்லை. மாவு நீர்த்துப்போகும்படி அக்கா பாலைக் கொஞ்சம் தாராளமாகவே ஊற்றுகிறாள் என்பதும் கண்ணில் பட்டிருந்தது. ஆனால் பிளாஸ்டர், கைப் பழக்கம் என்று அவள் சொன்னால் அவன் நம்பித்தான் ஆக வேண்டும். அவன் அந்தக் கூடத்துக்குள் ஒரு நாளும் காலெடுத்து வைத்ததில்லை.

அன்றைக்கு அவன் மேல் பாதியை முடித்துவிட்டுக் கப்பைத் தள்ளாமல் கையிலேயே பிடித்துக்கொண்டான்.

"உண்மையைச் சொல்லு. பழம் அடியில போய் உக்காரணும்னுதானே தட்டுற?"

"குடுடா இங்க."

"சொன்னாத்தான் குடுப்பேன்."

அக்கா எழுந்து கப்பைப் பிடுங்கிக்கொண்டாள். ஒரு கரண்டி எடுத்து வாயில் போட்டு, பேரிக்காயைக் கன்னத்தில் அதக்கிக்கொண்டே சொன்னாள்: "சாயங்காலம் வந்து சொல்றேன். போ, பஸ்ஸு போயிடும்."

அவன் போனான். அவள் கப்பைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு, வீட்டைப் பூட்டிக்கொண்டு பஸ் நிறுத்தத்துக்குப் போயிருக்கிறாள். அங்கே பெஞ்சில் உட்கார்ந்தவள் எழுந்திருக்கவில்லை. தலைக்குள் ரத்தக் குழாய் வெடித்திருக்கிறது, ஒன்றும் தெரிந்திருக்காது என்றார் டாக்டர். அச்சகத்தில் போன் மணி அடித்தபோது தம்பி ஒரு இருமல் மருந்தின் பக்க விளைவுகளைப் படித்துக்கொண்டிருந்தான். எந்த வரியில் நிறுத்தினோம் என்று பென்சிலால் குறித்துவிட்டுத்தான் எழுந்தான்.

வர வேண்டியவர்கள் வந்தார்கள். பெரியப்பா மகனும் அண்ணியும் சில நாள் தங்கினார்கள். அண்ணி அக்காவின் துணிமணிகளை மடித்துக் கட்டி வைத்தாள். "தனியா இருந்து என்ன பண்ணப் போறீங்க தம்பி? நம்ம வீட்டு முன் ரூம் சும்மாதானே கிடக்கு," என்றாள். அவன் யோசித்துச் சொல்வதாகச் சொன்னான். கேட்டவர்களுக்கெல்லாம் ஒழுங்காகவே பதில் சொன்னான். வேளைக்குச் சாப்பிட்டான், தூங்கினான்.

அவனுக்குப் பதில் கிடைக்க வேண்டியது ஒன்றே ஒன்றுதான். அதை வெளியில் சொன்னால் சிரிப்பார்கள், இல்லாவிட்டால் பாவம் என்று பார்ப்பார்கள். சாவு நடந்த வீட்டில் உட்கார்ந்துகொண்டு பேரிக்காய் ஏன் அடியில் போனது என்று யாரிடம் கேட்பது? ஆனால் பல் தேய்க்கும்போது அது வந்தது. பஸ்ஸில் வந்தது. மாத்திரையை உணவுக்குப் பின் சாப்பிடவும் என்ற வரிக்கு நடுவில் வந்தது. வேண்டுமென்றே செய்தாளா, இல்லையா? சாயங்காலம் சொல்கிறேன் என்றாளே.

அண்ணி ஊருக்குப் போன பிறகு ஒரு காலையில் அவனே செய்து பார்த்தான். புத்தகத்தைப் பிரித்து, அளவு பிசகாமல், தட்டாமல். பழத்துண்டுகள் பரவலாக நின்றன. முதல் கரண்டியிலேயே பேரிக்காய் வந்தது. நன்றாகத்தான் இருந்தது, குறை சொல்ல ஒன்றுமில்லை. பாதிக் கப் வந்ததும் கை தானாக அதை மேஜையின் எதிர்ப்பக்கம் தள்ளியது. கொஞ்ச நேரம் அது அங்கேயே இருந்தது. பிறகு எடுத்து ஒரு தட்டால் மூடி ஃப்ரிட்ஜில் வைத்தான். மறுநாள் அதைக் கரண்டியால் அசைக்க முடியவில்லை, ரப்பராகிக் கிடந்தது.

அந்த வாரம் பல் செட் கூடத்திலிருந்து போன் வந்தது. அக்காவின் சாமான்கள் இருக்கின்றன, வந்து வாங்கிக்கொள்ள முடியுமா?

மாடிப்படி ஏறும்போதே உருகின மெழுகு வாசனை வந்தது. உள்ளே நீளமான மேஜைகள். எல்லாவற்றின் மேலும் வெள்ளைத் தூசி. அலமாரி முழுக்கப் பிளாஸ்டர் தாடைகள், ஒவ்வொன்றுக்கும் நூலில் கட்டின சீட்டு. ஆளில்லாத நாற்காலி ஒன்றின் முதுகில் அக்காவின் வெள்ளைக் கோட்டு தொங்கியது. பக்கத்து நாற்காலிக்காரி மெழுகில் பற்களை வரிசையாக நட்டுக்கொண்டிருந்தாள். இவளைப் பற்றித்தான் அக்கா 'மெழுகு, மெழுகு' என்று சொல்வாள் போலிருக்கிறது.

அவள் நிமிர்ந்து பார்த்து, "நீங்கதானே கமா?" என்றாள். உடனே நாக்கைக் கடித்துக்கொண்டாள். "ஐயோ, மன்னிச்சுக்கங்க சார். அக்கா அப்படியே சொல்லிச் சொல்லி எங்களுக்கு வேற பேரே தெரியாது."

"பரவாயில்ல. அந்தப் பேரைச் சொல்ல இனிமே ஆளில்லன்னு நினைச்சேன்."

அவள் கோட்டையும் செருப்பையும் ஒரு பையில் போட்டுக் கொடுத்தாள். கண் துடைக்கப் புறங்கையைத் தூக்கியவள், கையெல்லாம் பிளாஸ்டர் தூசி என்று பார்த்துவிட்டு இறக்கிக்கொண்டாள். தம்பி பையை வாங்கிக்கொண்டும் கிளம்பவில்லை.

"ஒண்ணு கேக்கணும். தப்பா நினைக்கக் கூடாது."

"கேளுங்க சார்."

"இங்க பிளாஸ்டர் கலக்கினதும் எப்படித் தட்டுவீங்க? குமிழி போறதுக்கு?"

"தட்டுறதா?" அவள் மேஜைக் கோடியைக் காட்டினாள். அங்கே ஒரு சின்னப் பெட்டி. அதன் மேல் ஒரு பையன் அச்சை வைத்துப் பிடித்திருந்தான். பெட்டி தேனீக்கூடு மாதிரி ரீங்காரமிட்டது. பிளாஸ்டர் நடுங்கி நடுங்கிக் குழிகளுக்குள் இறங்கிக்கொண்டிருந்தது. "அந்த ஆட்டுற மெஷின்தான் சார். நான் வேலைக்குச் சேர்றப்பவே இருக்கு. கையால தட்டினா மேனேஜர் கத்துவாரு, அச்சு அசைஞ்சுடும்னு."

"அக்காவும் அதுலதான் வைப்பாளா?"

"பின்ன? எல்லாரும்தான்."

தம்பி அந்தப் பெட்டியையே பார்த்தான். மெழுகுக்காரி அவன் முகத்தைப் பார்த்துவிட்டு, வாயைப் பொத்திக்கொண்டாள். தோள் குலுங்கியது.

"சார், மஃபினா?"

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"மத்தியானம் சாப்பிட உக்காந்தா அந்தக் கதைதான். 'என் தம்பி எறும்பு சைஸ் எழுத்துல தப்பைப் பிடிக்கிறவன். தினம் அவன் மூக்குக்கு முன்னால பழத்தைத் திருடுறேன், பிடிக்கத் தெரியல'ன்னு சொல்லிச் சொல்லிச் சிரிப்பாங்க. சில நாள் சாப்பாடு புரைக்கேறிடும்."

"நான் கண்டுபிடிச்சேன்," என்றான் தம்பி. "கேட்டேன். அன்னைக்குக் காலையிலகூடக் கேட்டேன்."

"ஒத்துக்கிட்டாங்களா?"

"வாய் நிறையப் பழத்தை வச்சிக்கிட்டு, சாயங்காலம் சொல்றேன்னா."

அவனுக்குச் சிரிப்பு வந்தது. கொஞ்சமாகத்தான் வந்தது, ஆனால் நிறுத்தவும் முடியவில்லை. ஒரு தாடையைப் பிடித்தபடி மெஷின்காரப் பையன் திரும்பிப் பார்த்தான். மெழுகுக்காரி ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டாள். தம்பி அதில் உட்கார்ந்து, பையை மடியில் வைத்துக்கொண்டு, "திருட்டுக் கழுதை," என்றான். பிறகு மூக்கைச் சிந்தினான்.

வீட்டுக்கு வந்ததும் அண்ணிக்குப் போன் போட்டு, தான் இங்கேயே இருந்துகொள்வதாகச் சொன்னான். வெள்ளைக் கோட்டை அக்கா பை மாட்டும் ஆணியில் மாட்டினான்.

மறுநாள் காலை பேரிக்காயை நறுக்கினான். புத்தகத்தைத் திறக்கவில்லை. பாலைத் தாராளமாக ஊற்றினான். கப்பைத் தூக்கி மேடையில் டொக் டொக்கென்று தட்டினான். அக்கா தட்டியதைவிடக் கொஞ்சம் பலமாகவே. மைக்ரோவேவ் மணி அடித்ததும் வெளியே எடுத்து, நின்றபடியே மேல் பாதியைத் தின்றான். பஞ்சு மாதிரி இருந்தது, அவ்வளவுதான்.

பிறகு நாற்காலியை இழுத்துப் போட்டு, மேஜையில் அக்காவின் இடத்தில் உட்கார்ந்து, கரண்டியை உள்ளே விட்டான். பழம் முழுதும் அடியில்தான் இருந்தது.