கொடியில் நீலின் சட்டை

டோரீன் கதவைத் திறக்கவில்லை. பக்கத்து வீட்டுப் பெரில் கடிதம் போடும் துளையின் தகட்டை விரலால் தூக்கிக் குனிந்து பேசினாள்.

"சூப் கொண்டாந்திருக்கேன்டி."

"வாசல்ல வச்சுட்டுப் போ."

"நாய் நக்கிடும்."

"நக்கட்டும். அதுக்காவது பசிக்குதே."

எழுபது வயதுக்கு மேல் குனிந்து நிற்பது லேசான வேலையில்லை. பெரில் நின்றாள். உள்ளே செருப்புச் சத்தம் நடைக்கு வந்து நின்றது.

"நீயும் படிச்சிட்டியா?" என்றாள் டோரீன்.

"படிச்சேன்."

"அந்த இடம்?"

"அந்த இடமும்தான்."

தெருவில் ஒரு கார் போனது. "போயிடு பெரில்" என்று கடைசியில் குரல் வந்தது. அதில் கோபமில்லை. கோபம் இருந்திருந்தால் தேவலாம் என்று பெரிலுக்குத் தோன்றியது.

எல்லாம் ஒரு நாவலால் வந்தது. எழுதியவள் டோரீனின் மகள் ஜில். பதினெட்டு வயதில் இந்த மீன்பிடித் துறைமுகமான கிரிம்ஸ்பியை விட்டு லண்டனுக்குப் போனவள். அவள் படம் பேப்பரில் வந்தபோது தெருவே நெஞ்சை நிமிர்த்திக்கொண்டது. பிறகு தெரு புத்தகத்தைப் படித்தது. பெயர்களை ஜில் மாற்றியிருந்தாள், தெருவை மாற்றவில்லை. டோரீன் கேட்ட அந்த இடம் இதுதான்: அப்பா மீன்பிடிக் கப்பலேறிப் போகும் காலையில், காய்ச்சலில் கிடக்கும் சிறுமி படுக்கையை நனைத்துவிடுகிறாள். அம்மா விரிப்புகளைத் துவைத்துக் காயப்போடுகிறாள். அவை காற்றில் விம்மி, அப்பாவைத் தொடர்ந்து போகும் இன்னொரு கப்பலைப் போலத் தெரிகின்றன. அப்பா திரும்பி வருவதில்லை.

லண்டனில் அந்தப் பக்கத்தை எல்லாரும் பாராட்டினார்களாம். கிரிம்ஸ்பியில் கிழவிகள் புத்தகத்தைக் கவிழ்த்து வைத்துவிட்டு ஜன்னலைப் பார்த்தார்கள். புருஷன் கப்பலேறுகிற நாளில் இங்கே எவளும் துணியில் தண்ணீர் படவிட மாட்டாள். துவைத்தால் ஆளையே கழுவிவிட்டதாகக் கணக்கு. அவனை மட்டுமில்லை, அந்தக் கப்பலில் இருக்கிற அத்தனை பேரையும். ஜில்லுக்கு இது தெரியாது. எப்படித் தெரியும்? மகளுக்குச் சொல்லித் தரவேண்டிய டோரீன் இந்த ஒன்றை மட்டும் சொல்லித் தரவேயில்லை.

டோரீனின் கணவன் போய்த் திரும்பாத அதே கப்பலில்தான் பெரிலின் கணவன் பிராங்கும் போனான்.

கிளப்பில் அந்தத் தெருவைச் சேர்ந்த பாலீன் சீட்டை இறக்கியபடி சொன்னாள்: "என் அண்ணனும் அதுல இருந்தான். இத்தனை வருஷமா அவகூட உக்காந்து டீ குடிச்சிருக்கேன். வாயத் தொறந்தாளா?"

"தொறந்திருந்தா நீ அவகூட உக்காந்திருப்பியா?" என்றாள் பெரில்.

"உனக்கு வலிக்கலயா?"

பெரில் கையிலிருந்த சீட்டுகளை மாற்றி அடுக்கினாள். அவளுக்கு அது புத்தகம் படித்துத் தெரிய வந்த விஷயமல்ல. அந்தக் கப்பல் புறப்பட்ட காலை, பிராங்கை ஏற்றிக்கொண்டு டாக்ஸி போன பிறகு, மாடி ஜன்னலில் நின்று அவள் பார்த்தாள். பக்கத்தில் டோரீனின் முற்றத்தில் சின்ன விரிப்புகள் மூன்று, கூடவே ஒரு ஆம்பளைச் சட்டை. கூப்பிட்டுச் சொல்லியிருக்கலாம். நனைந்தது நனைந்ததுதானே என்று திரையை இழுத்துவிட்டாள்.

ஐஸ்லாந்துக்கு வடக்கே கம்பத்திலும் கயிறுகளிலும் பனி ஏறி உறைந்து, கனம் தாங்காமல் கப்பல் கவிழ்ந்ததாகச் சொன்னார்கள். அந்தக் குளிர்காலம் முழுக்க டோரீனின் முகத்தைப் பார்க்க பெரிலால் முடியவில்லை. அப்புறம் இருவரும் மீன் வெட்டும் கொட்டகையில் ஒரே மேசைக்கு வேலைக்குப் போனார்கள். விரல் மரத்துப் போகும்போது டோரீன் தன் வெந்நீர் வாளியை அவள் பக்கம் தள்ளுவாள். மனதில் இருந்தது எப்போது கரைந்தது என்று கேட்டால் பெரிலுக்குச் சொல்லத் தெரியாது. ஐஸ்கட்டி கரைவதை யார் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்?

'எனக்கு அன்றைக்கே தெரியும்' என்று இப்போது சொல்லிவிடலாம். சொன்னால் டோரீன் நாற்பது வருஷத்தையும் திருப்பிப் பார்ப்பாள். ஒவ்வொரு கோப்பைத் தேநீரிலும் இவள் இரக்கப்பட்டிருக்கிறாள் என்று நினைப்பாள். அப்புறம் அந்தக் கதவு திறக்கவே திறக்காது. இரண்டு இரவு இதையே நினைத்துக்கொண்டு பெரில் விழித்துக் கிடந்தாள்.

அவள் மகன் நீல் கடலில் நிற்கும் காற்றாலைகளைப் பராமரிக்கும் கப்பலில் வேலை பார்த்தான். இரண்டு வாரம் கடல், இரண்டு வாரம் வீடு. புறப்படுவதற்கு முந்தின நாள் அவன் வறுத்த மீனைத் தின்றுகொண்டிருக்கும்போது கேட்டாள்:

"நீ போற அன்னிக்கு நான் துணி துவைச்சா உனக்குப் பயமா இருக்குமா?"

நீல் சிரித்தான். "எங்க கப்பல்லயே வாஷிங் மெஷின் நாள் பூரா ஓடுதும்மா. உன் கணக்குப்படி நாங்கல்லாம் எப்பவோ போய்ச் சேந்திருக்கணும்."

"சும்மா கேட்டேன்."

"நீ துவைக்க மாட்ட. கைக்குட்டையக்கூட ஒளிச்சு வைக்கிறவ நீ."

அது உண்மைதான். இதிலெல்லாம் நம்பிக்கை இல்லை என்று சொல்ல அவளுக்கு வாய் வரும். கை வராது.

மறுநாள் காலை அவன் பையைத் தோளில் போட்டான். "சரிம்மா, பாப்போம்" என்றான். வழக்கம்போல அவள் வாசலுக்கு வரவில்லை, கையசைக்கவில்லை; அதுவும் கப்பலேறுகிறவனுக்கு ஆகாது. வண்டிச் சத்தம் தேய்ந்த பிறகு மாடிக்குப் போய் அவன் படுக்கையின் விரிப்பை உருவினாள். நாற்காலியில் கிடந்த சட்டையையும் எடுத்தாள். மெஷின் ஓடி முடியும்வரை அதன் எதிரிலேயே உட்கார்ந்திருந்தாள்.

பின்முற்றத்தில் கொடி கட்டி விரிப்பைக் காயப்போட்டாள். சந்து வழியாகப் பாலீன் வந்தாள். சுவருக்கு மேல் அவள் தலை தெரிந்தது.

"பெரில், இன்னிக்கு நீல் போற நாளாச்சே?"

"இப்பத்தான் போனான்."

"அப்புறம் இது என்னடி?"

"துணி. நல்ல காத்து அடிக்குது."

பெரில் கடைசியாகச் சட்டையை எடுத்து உதறி, தோளில் கிளிப்புப் போட்டுக் கொடியில் மாட்டினாள். அப்போது பக்கத்து வீட்டின் பின்கதவு படாரென்று திறந்தது. டோரீன் இரவு உடையோடு, வீட்டுச் செருப்போடு சந்து வழியாகச் சுற்றிப் பெரிலின் முற்றத்துக்கு ஓடிவந்தாள். தலைமுடி வாரி எத்தனை நாளோ.

"எடுடி அத. இறக்கு."

"ஈரமா இருக்கு."

"உனக்கு இருக்கறது ஒத்தப் பிள்ளை. புத்தி கெட்டுப் போச்சா?"

"ஒத்தப் பிள்ளைதான்."

"அப்புறம் எதுக்குடி?"

டோரீன் சட்டையைப் பிடித்து இழுத்தாள். பெரில் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டாள். சுவருக்கு அந்தப் பக்கம் பாலீன் அசையாமல் நின்றாள். சட்டை நுனியிலிருந்து சொட்டும் தண்ணீர் இருவரின் கால்களுக்கும் நடுவே விழுந்தது. டோரீன் பெரிலின் முகத்தை வெகுநேரம் பார்த்தாள். பிறகு இழுப்பதை நிறுத்தினாள்.

"எனக்குப் பயமா இருக்கு டோரீன்" என்றாள் பெரில். அது நாடகமில்லை. "அவன் வர்ற வரைக்கும் என்னால தனியா உக்காந்திருக்க முடியாது."

"எப்ப வருவான்?"

"ரெண்டு வாரம்."

டோரீன் மூக்கை உறிஞ்சினாள். சட்டையைக் கொடியிலிருந்து எடுத்தாள்.

"தோள்லயா கிளிப்பு போடுவாங்க? தடம் விழுந்துடும்" என்றவள், சட்டையைத் தலைகீழாகத் திருப்பி, அடிவிளிம்பில் இரண்டு கிளிப்புகளைச் செருகினாள். சட்டைக் கைகள் இரண்டும் காற்றில் தொங்கி ஆடின. அவள் ஒரு எட்டு பின்னால் வந்து அதைப் பார்த்தாள். பிறகு பெரிலின் சமையலறைக்குள் போய், கெட்டிலில் தண்ணீர் பிடிக்க ஆரம்பித்தாள்.