மாடி விளக்கு

எகிப்தின் ஃபுஸ்தாத் நகரத்துச் சாயப்பட்டறைச் சந்தில் மகாரிமின் வீட்டுக்கு யாரும் வழி கேட்க வேண்டியதில்லை. வெள்ளிக்கிழமை பொழுது சாய்ந்தால் மேல்மாடியில் விளக்கு எரியும், கீழ்வீடு கரிச்சட்டியாகக் கிடக்கும். மாடியில் மகாரிமின் அக்கா ரய்யிஸா, புருஷனை இழந்தவள். கீழே மகாரிமும் அவன் மனைவி நாஷியாவும் மூன்று வயது மகள் ஜவ்ஹராவும்.

நாஷியா கராயர் வீட்டுப் பெண். யூதர்களில், மோசே எழுதி வைத்ததுதான் வேதம், ரப்பிமார் என்ற குருக்கள் அதன்மேல் சேர்த்ததெல்லாம் வெறும் பேச்சு என்கிற கூட்டம் அது. வெள்ளி பொழுது சாய்ந்ததும் தொடங்கும் ஓய்வுநாளில் வீட்டில் நெருப்பு கூடாது என்று எழுதியிருக்கிறதா, கூடாது, அவ்வளவுதான். மகாரிம் குடும்பம் ரப்பிமார் பக்கம், அங்கே பொழுது சாய்வதற்கு முன்பே ஏற்றிவிட்டால் அது பாட்டுக்கு எரியட்டும் என்பார்கள். இந்த ஒரு விளக்குக்காகத் தலைமுறை தலைமுறையாக மண்டையை உடைத்துக்கொண்ட இரண்டு கூட்டமும் பெண் கொடுப்பதையும் எடுப்பதையும் மட்டும் நிறுத்தவில்லை. அதுதான் வேடிக்கை. நாஷியாவின் கல்யாணப் பத்திரத்திலேயே எழுதியிருந்தது: ஓய்வுநாளில் இவள் இருக்கும் இடத்தில் விளக்கு வைக்கமாட்டேன், இவள் கூட்டம் விலக்கிய செம்மறி வால் கொழுப்பைத் தின்னச் சொல்லமாட்டேன், இவள் ஜனம் பிறை பார்த்துச் சொல்லும் பண்டிகையைக் கெடுக்கமாட்டேன். மகாரிம் சரியென்று கையெழுத்துப் போட்டான். போட்ட கையெழுத்துக்காக ஐந்து வருஷம் இருட்டில் உட்கார்ந்து ஆறிப்போன அவரையைத் தின்றான். அப்படிப்பட்ட மனுஷன்.

ரய்யிஸாவால்தான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்க முடியவில்லை. ஒவ்வொரு வெள்ளியும் படி உச்சியிலிருந்து குரல் வரும்.

"என்னடி இருட்டுக்காரி, கவளம் வாய்க்குப் போவுதா, மூக்குக்குப் போவுதா?"

"எங்க வாய் எங்க இருக்குன்னு எங்களுக்குத் தெரியும் அண்ணி. உங்களுக்குத்தான் அதை மூடத் தெரியல."

"அம்மாடி! வீடுதான் இருட்டு, நாக்கு பளபளன்னு இருக்கே!"

பிறகு சிரிப்பு. அந்தச் சிரிப்பு சந்து முனை வரைக்கும் கேட்கும். ரய்யிஸா கெட்டவள் இல்லை. நாஷியாவுக்குப் பிரசவ வலி கண்டபோது இரண்டு நாள் கண்மூடாமல் இடுப்பைப் பிடித்துவிட்டவள் அவள்தான். ஆனாலும் நாஷியாவால் அடியைக்கூடத் தாங்க முடியும், அந்தச் சிரிப்பைத் தாங்க முடியாது.

அந்த வெள்ளிக்கிழமை புழுக்கம் தாளவில்லை. வெளிச்சம் மங்கிக்கொண்டே போய் ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரியாமல் ஆன நேரம். பாயில் தத்தித் தத்தி நடந்துகொண்டிருந்த ஜவ்ஹரா வீலென்று அலறினாள்.

"குத்துது! அம்மா, குத்துது!"

நாஷியா பிள்ளையை மடியில் இழுத்துப்போட்டுப் பாதத்தை விரலால் தடவினாள். கோரைச் சிம்பு ஒன்று ஏறியிருந்தது. பல்லால் கடித்து இழுத்துத் துப்பினாள். பிள்ளை அப்போதும் அழுகையை நிறுத்தவில்லை.

"மாடிக்குத் தூக்கிட்டுப் போய் ஒரு தடவ பார்த்துடட்டுமா?" என்றான் மகாரிம்.

பன்னிரண்டு படி. நாஷியாவும் அதையேதான் நினைத்தாள், எழுந்துகூட நின்றுவிட்டாள். அதற்குள் மேலேயிருந்து குரல் வந்தது.

"என்னடி சத்தம்? புள்ள எந்தச் செவுத்துல முட்டிச்சு? குருட்டுக் கோழியக் கூண்டுல போட்டு அடைச்சா அது என்ன பண்ணும்! கொண்டா இங்க, நான் பாக்கறேன்." உடனே அந்தச் சிரிப்பு.

நாஷியா மறுபடியும் உட்கார்ந்தாள். "வேணாங்க. பாய்ச் சிம்புதான். எடுத்தாச்சு."

"எதுக்கும் ஒரு தடவ…"

"பத்திரத்துல என்ன எழுதியிருக்கு?"

மகாரிம் பிள்ளையின் தலையைத் தடவிக்கொடுத்தான்.

பிள்ளை கொஞ்ச நேரத்தில் அழுது ஓய்ந்தது. தூங்கப்போகிறது என்று நினைத்தார்கள். கழுத்தெல்லாம் ஈரமாக இருந்தது, புழுக்கத்தின் வியர்வை என்று நினைத்தார்கள். வாயோரம் எச்சில் வழிந்து நாஷியாவின் கையை நனைத்தபோதுதான், குழந்தையின் உடம்பு தூக்கித் தூக்கிப் போடுவது அவளுக்கு உறைத்தது. மகாரிம் பிள்ளையைப் பிடுங்கிக்கொண்டு படியேறினான். நாஷியா பின்னாலேயே ஓடி, பாதிப் படியில் நின்றுவிட்டாள். பயத்தில் கால் மேலே ஏறவில்லை. விளக்கு வெளிச்சம் அவளுக்கு மூன்று படி மேலே விழுந்திருந்தது.

"தேள்டா இது!" ரய்யிஸா கத்தினாள். "கணுக்கால் பின்னாடி பாரு! எப்பக் கொட்டிச்சு? அப்பவே கொட்டிச்சாடா?"

வைத்தியர் வந்தார். கொட்டினவுடனே கூப்பிட்டிருந்தால் மருந்து கொடுத்துப் பார்த்திருக்கலாம் என்றார். விடிவதற்குள் ஜவ்ஹரா போய்விட்டாள். விடிந்தபின் பாயைத் தூக்கினால் மஞ்சள் தேள், விரல் நீளம், அசையாமல் இருந்தது.

மகாரிம் நாஷியாவை ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தான்.

ஊர் வாயை மூட உலைமூடி இல்லை என்பார்கள். பழிக்கிற வாய்க்கு மட்டுமில்லை, புகழ ஆரம்பித்த வாய்க்கும் அந்த மூடி இல்லை. துக்கத்தின் நாலாம் நாள் நாஷியாவின் சித்தப்பா யெபேத் வந்தார், கராயர் சபையின் பெரியவர்களில் ஒருவர். கண் கலங்கியிருந்தது, ஆனால் குரலில் ஒரு பெருமை இருந்தது.

"சபை பூரா உன் பேச்சுதாம்மா. பெத்த புள்ள துடிக்கிறப்பவும் அவங்க வெளிச்சத்துல காலெடுத்து வைக்காம பாதிப் படியில நின்னவளாமே!"

"சித்தப்பா, ஒண்ணு கேக்கட்டுமா? முதல்லயே மாடிக்குத் தூக்கிட்டுப் போயிருந்தா அது பாவமா?"

யெபேத் தாடியைத் தடவிக்கொண்டார். "அது உன் வீடு இல்ல. நீ ஏத்தின விளக்கும் இல்ல. உயிருன்னு வந்தப்புறம்… பாவம்னு நான் சொல்ல மாட்டேன்." பிறகு குரலைத் தாழ்த்தினார். "ஆனா அதை வெளிய சொல்லிடாத. ரப்பிமார் பக்கம் வாக்கப்பட்டுப் போன நம்ம பொண்ணுங்க ஒவ்வொருத்தியா விளக்கேத்த ஆரம்பிச்சுட்டாளுங்க. இனிமே உன் பேரைச் சொல்லித்தான் அவளுங்களை நிறுத்தணும்."

பாவம்கூட இல்லையாம். சிரிப்புக்குப் பயந்து நாஷியா பிள்ளையைக் கொடுத்திருக்கிறாள், அதை வேதத்தின் கணக்கில் எழுதுகிறார்கள்.

ஏழு நாள் முடிந்த பிறகு வந்த ஓய்வுநாளில் சபையில் யெபேத் எழுந்து அவள் பேரைச் சொன்னார். வேதத்துக்காக வயிற்றுப் பிள்ளையையே கொடுத்தவள் என்றார். பெண்கள் பக்கம் விம்மல் எழுந்தது. நாஷியா எழுந்து நின்றாள்.

"பொய்! வேதத்துக்காக இல்ல. எங்க நாத்தனார் சிரிப்பாளேன்னு தூக்கிட்டுப் போகல. கேட்டீங்களா? அவ சிரிப்பாளேன்னு!"

பக்கத்திலிருந்தவள் அவள் தோளை அழுத்தி உட்கார வைத்தாள். "பெத்தவ மனசு, துக்கம் பேசுது," என்றாள் இன்னொருத்தி. யெபேத் விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார். வெளியே வரும்போது கைக்குழந்தைக்காரி ஒருத்தி பிள்ளையை நீட்டி, ஆசீர்வதியுங்கள் என்றாள். நாஷியா கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நடந்துவிட்டாள்.

வீட்டுக்கு வந்தவள் கீழ்க்கதவைத் தள்ளவில்லை. நேரே படியேறினாள். நல்ல மத்தியானம். ரய்யிஸா தரையில் குந்தியிருந்தாள். இந்த நாட்களில் அவள் முகம் பத்து வயது மூத்துப்போயிருந்தது.

"அண்ணி, யாரும் நான் சொல்றத நம்ப மாட்டேங்கறாங்க."

"என்னத்த?"

"அன்னைக்கு உங்க சிரிப்புக்குப் பயந்துதான் நான் வரல. வேற ஒண்ணும் இல்ல. வேதமும் இல்ல, ஒரு மண்ணும் இல்ல."

ரய்யிஸா அவளை நிமிர்ந்து பார்த்தாள். நகர்ந்து இடம் விட்டாள். நாஷியா உட்காரவில்லை.

"உண்மையச் சொல்லுங்க. நான் தூக்கிட்டு வந்திருந்தா சிரிச்சிருப்பீங்களா?"

ரய்யிஸா அணைந்து கிடந்த விளக்கைப் பார்த்தாள். பொய் சொல்லிவிட ஒரு வினாடி நினைத்திருப்பாள் போலிருக்கிறது.

"சிரிச்சிருப்பேன்டி," என்றாள். "சிரிச்சுக்கிட்டேதான் விளக்கை அவ கால்கிட்ட கொண்டு வந்திருப்பேன்."