மாவுக்கட்டுத் தலை

என் தம்பிக்கு மூளை இருக்கிறதா என்று கேட்டால், இருக்கிறது, அதற்கு மேல்தான் நான் மாவுக்கட்டுப் போடுகிறேன் என்பேன். பகலில் ஆஸ்பத்திரியில் உடைந்த கைகால்களுக்குக் கட்டுப் போடுவது என் வேலை. சனிக்கிழமை சாயந்திரம் மேடையில், தொளதொளக் கோட்டோடு வந்து உட்காரும் இந்தத் தடியன் தலைக்கு. மூச்சுக்கு மூக்கில் இரண்டு ஸ்ட்ரா செருகி, வாயோடு சேர்த்து மொத்தமாகச் சுற்றிவிடுவேன். கட்டு இறுகியதும், கண் தெரியாமலே, பிரஷ்ஷால் அதன் மேல் தன் முகத்தை வரைவான். கண் காதில் போய் உட்காரும், வாய் நெற்றிக்கு ஏறும். ஜனம் விழுந்து விழுந்து சிரிக்கும். வெட்டியெடுத்த மாவுத் தலைகளெல்லாம் கலைப்பொருளாம். ஹால் சுவரில் தொங்குகின்றன.

எனக்கோ அந்த ஸ்ட்ராக்கள் மேலேயே கண். மூச்சு முட்டினால் காலைத் தரையில் தட்டு என்று சொல்லிவைத்தேன். ஒருநாள் தட்டினான், பதறி ஓடினேன், கூட்டம் சிரித்தது. மறுவாரம் சும்மாவே தட்டினான்! சரி, கையைத் தூக்கு என்றேன். அதையும் ஷோவில் சேர்த்துக்கொண்டான்.

"பாவி, நெஜமாவே மூச்சு நின்னா எனக்கு எப்படிடா தெரியும்?"

"பிரஷ்ஷைக் கீழ போடுறேன்கா. அது மட்டும் நெஜம். சத்தியமா."

"அதுலயும் விளையாடினே, கொன்னுடுவேன்."

"அதையும் மேடையிலேயே செஞ்சுடு."

போன சனிக்கிழமை மீசை வரைந்தான். கெட்டிப் பெயிண்ட். மீசை ஸ்ட்ராக்களின் மேலேயே ஏறியது. அவற்றின் துளைகளை அவனே அடைத்துக்கொண்டிருந்தான். காலைத் தட்டினான். சிரிப்பு. கையைத் தூக்கினான். இன்னும் சிரிப்பு. பிரஷ் கீழே விழுந்தது.

கத்தரியோடு எழுந்தேன். ஹால்காரர் தோளைப் பிடித்தார்.

"பொறுங்கம்மா, பிச்சுக்கிட்டுப் போகுது, கெடுத்துடாதீங்க!"

"யோவ், விடுய்யா! செத்துடுவான்யா!"

அதற்கும் சிரித்தார்கள். அவரைத் தள்ளிவிட்டு ஓடினேன். கட்டு நன்றாக இறுகியிருந்தது, கத்தரி நகரவே இல்லை. தம்பியின் விரல்கள் என் மணிக்கட்டைப் பிடித்தன, பிறகு தாமாகவே விட்டன. ஒருவழியாகப் பிளந்தேன். உதடு நீலம். ஓங்கிக் கன்னத்தில் ஓர் அறை விட்டேன். இழுத்தான் மூச்சை. ஹாலே எழுந்து நின்று கைதட்டியது.

பின்னறையில் தண்ணீர் டம்ளரை நான்தான் அவன் வாயில் வைத்தேன். நான் அழுதேன். "போதும்டா. எனக்காக விட்டுடு."

தலையாட்டினான். அப்பாடா, புத்தி வந்தது என்றிருந்தேன். அந்த நேரம் பார்த்து ஹால்காரர் வந்தார். "அந்த பிரஷ் விழுற இடம் பிரமாதம் தம்பி!"

தம்பியின் முகம் மலர்ந்தது.

"டேய், வேணாம். நான் வரமாட்டேன்."

"சரி, யாரையாவது வெச்சுக் கட்டிக்கிறேன்."

யாரையாவது! ஸ்ட்ராவை எப்படிச் செருகவேண்டும் என்று அந்த யாராவதுக்கு என்ன தெரியும்?

இதோ, இந்தச் சனிக்கிழமையும் நான்தான் கட்டியிருக்கிறேன். பிரஷ் கீழே விழுகிறது. கூட்டம் சிரிக்கிறது. கத்தரியோடு ஓடுகிறேன், மூச்சு ஓடுகிறதா என்று அவன் நெஞ்சையே பார்த்துக்கொண்டு. அந்தத் தொளதொளக் கோட்டுக்குள் ஒன்றும் தெரியவில்லை.