வெட்டிய சரணம்

அல்பேனியத் தலைநகர் திரானாவில் முதல் பரிசு வாங்கிய பாடகி மிர்யேட்டாவின் பாட்டை, ஐரோப்பிய நாடுகளுக்கிடையிலான பாட்டுப் போட்டிக்காகத் தயாரிப்பாளர் பர்தோக் மூன்று நிமிடமாக நறுக்கி, ஆங்கிலத்துக்கும் மாற்றிவிட்டார். கப்பலேறி இத்தாலிக்குப் போன அண்ணனைப் பற்றிய கடைசிச் சரணத்தையே காணோம். அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"யாரைக் கேட்டு வெட்டினீங்க?"

"மூணு நிமிஷத்துக்கு மேல விடமாட்டாங்கம்மா. அதோட, டிவி பாத்து ஓட்டுப் போடுற ஜனங்க யாரும் சொந்த நாட்டுக்கு ஓட்டுப் போட முடியாது. அப்புறம் அல்பேனிய மொழியில யாருக்காகப் பாடப் போறே?"

மிர்யேட்டா ஆங்கில வரிகள் இருந்த தாளைக் கசக்கி அவருடைய காபிக் கோப்பைக்குள் திணித்தாள்.

"இத்தாலியில உக்காந்து நமக்கு ஓட்டுப் போடுறது யாருன்னு நினைச்சீங்க? இத்தாலிக்காரனா? அங்க தட்டு கழுவுற என் அண்ணனும் அவன் கூட்டாளிங்களும்தான்! அவங்க சரணத்தை வெட்டிட்டு அவங்ககிட்டயே ஓட்டுக் கேப்பீங்களா?"