ரோஸ்வித்தா சொன்ன நன்றி

1

'எழுபத்தெட்டிலும் ஒளிரும் முகம்' என்று ரோஸ்வித்தாவைப் பற்றிப் பத்திரிகையில் போட்டிருந்தான். ஒளிர்ந்தது முகமா? நான் அடித்த விளக்கு. அந்த எரிச்சலில்தான் இந்தக் கதையை ஆரம்பித்தேன். வேறு உயர்ந்த காரணம் எதையும் என்னிடம் தேடாதீர்கள்.

2

முதல் ஆரம்பம்: 'ஜெர்மனியில், பவேரிய மலையடிவாரம். பதினெட்டு வயது ரோஸ்வித்தா கேலிங் பால் குடத்தோடு கேமரா முன்னால்...'

(அடித்துவிட்டேன். அப்போது நான் அங்கே இல்லை. இருந்தேன் என்று சொல்கிறவர்களையும் நம்புவதில்லை.)

இரண்டாவது: 'சினிமாவில் காட்டுக் காவலரின் மகள், பிறகு ஓடிப்போன மனைவி. டீவிக்கு வந்ததும் டாக்டரின் விதவை. கடைசியாக, ஹாம்பர்க் போலீஸ் தொடரில் இன்ஸ்பெக்டரின் தாய். நாட்டில் பாதிப் பேருக்கு அவள்...'

இதுவும் வேண்டாம். இரங்கல் செய்தி மாதிரி இருக்கிறது. அவள் இன்னும் சாகவில்லை.

3

நடந்ததையே சொல்கிறேன். அவளுக்கு வசனம் மறக்க ஆரம்பித்திருந்தது. அன்றைக்குச் சமையலறைக் காட்சி. மூன்று பக்கம் அவள் ஒருத்தியே பேச வேண்டும். திணறினால், தொடரின் அடுத்த பகுதியில் இன்ஸ்பெக்டரின் தாய் மாடிப்படியில் விழுந்து செத்துப்போவாள். அதை எழுதியே வைத்துவிட்டார்கள். எல்லோருக்கும் தெரியும். அவளுக்கும்.

டைரக்டர் ஸ்வென்யா சின்னப் பெண். உள்ளங்கையில் ஒரு குட்டிக் கருவியை நீட்டினாள்.

"இதக் காதுல வச்சுக்குங்க. வசனத்த நான் எடுத்துக் குடுக்கிறேன். யாருக்கும் தெரியாது."

"எனக்குத் தெரியுமேடி கண்ணு," என்றாள் ரோஸ்வித்தா. பிறகு என்னைப் பார்த்து, "என்ன கிழவா முறைக்கிற? இந்தச் சுருக்கமெல்லாம் தெரியாத மாதிரி லைட்டப் போடு."

"அதுக்கு லைட்ட அணைக்கணும்."

சிரித்தாள். (அந்தச் சிரிப்பை நாலு தரம் எழுதிப் பார்த்தேன். வரவில்லை.)

4

எங்கள் தொழிலில், காட்சி நல்லபடியாக அமைய வேண்டும் என்று, அதற்கு முன்னால் நடிக்கிறவரின் இடது தோளுக்கு மேலே துப்புகிற மாதிரி 'டொய் டொய் டொய்' என்போம். பதிலுக்கு நன்றி மட்டும் சொல்லிவிடக் கூடாது. சொன்னால் காட்சி விளங்காது. இத்தனை வருஷமாக நான் துப்புவேன், அவள் தலையாட்டுவாள். அவ்வளவுதான்.

அன்றைக்கும் துப்பினேன்.

"ரொம்ப நன்றி, மன்ஃப்ரேட்," என்றாள்.

ஸ்வென்யா முகம் வெளுத்துப்போனது.

5

இங்கேதான் கதை என் கையை விட்டுப் போகிறது.

வழக்கத்தையே மறந்துவிட்டாளா? அப்படியென்றால் மூன்று பக்க வசனம் எங்கே நினைவில் நிற்கும்? ஒரு முடிவு அது. தெரிந்தேதான் சொன்னாளா, போதும், அலுத்துவிட்டது, படியிலேயே விழுந்து தொலைகிறேன் என்று? அது இன்னொன்று. இல்லை, இத்தனை வருஷ வெளிச்சத்துக்காக எனக்கு...

(இந்த வாக்கியத்தை முடிக்கக் கூச்சமாக இருக்கிறது. அவளிடமே கேட்டிருக்கலாமே என்பீர்கள். நீங்கள் வேண்டுமானால் போய்க் கேளுங்கள்.)

6

அடுப்புப் பக்கம் போய் நின்றாள். கண்ணை மூடிக்கொண்டு, விளக்கின் சூடு இடது கன்னத்தில் படுகிறவரை முகத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்பினாள். வெளிச்சத்தை அவள் தேடுகிற விதம் என்றைக்கும் அதுதான். காதில் கருவி இல்லை. கேமரா ஓட ஆரம்பித்தது. கண்ணைத் திறந்தாள். வாயைத் திறந்தாள்.

முதல் வார்த்தை என்ன என்று என்னிடம் கேட்காதீர்கள். எடுத்துக் கொடுக்கிற வேலை என்னுடையது இல்லை. அவளும் யாரிடமும் கேட்கவில்லை.