உள்ளங்கையில் ஒரு கிளி

காலை மணி பத்தே முக்கால். மூன்று தடவை வெள்ளை பூசிய சுவரின் நடுவே, தலையணை அளவுக்கு ஈரம் பூத்திருந்தது. மேல்வீட்டுக் குழாய் கசிந்திருக்கிறது.

படக்காரி துணியால் ஒற்றிப் பார்த்தாள்; ஈரம் போகவில்லை. வீட்டில் அவளுக்கு அதுதான் பெயர். பதினொன்றுக்கு அரங்க நிர்வாகி வருகிறார். அவருக்குப் பிடித்தால் படத்துக்கு அரங்கம். இல்லையென்றால் இத்தனை நாள் உழைப்பும் பரணுக்கு.

படம் இவ்வளவுதான். சுவரில் இளஞ்சிவப்பாக ஒரு கிளி விழும். அதன் மார்பில் ஒரு கறுப்புப் புள்ளி. அரை நிமிடம் புள்ளியையே பார்க்க வேண்டும். பிறகு கிளியை அணைத்துவிடுவாள். வெறும் சுவரில், இல்லாத கிளி பச்சையாக வந்து உட்காரும். களைத்த கண் தானே வரைந்துகொள்ளும் படம். அதற்குச் சுவர் பளிச்சென்று இருந்தாக வேண்டும். அக்காவை இழுத்துவந்து சுவருக்கு எதிரே உட்காரவைத்தாள்.

"கறை எவ்வளவு தெரியுதுன்னு நீயே பாத்துச் சொல்லுக்கா."

"என் கண்ணு ஒரு இடத்துல நிக்குமாடி? என் கல்யாண ஃபோட்டோ ஒண்ணுலயாவது நான் நேரா பாத்திருக்கேனா?"

"வாயை மூடிக்கிட்டுப் புள்ளியைப் பாரு."

புரொஜெக்டர் முனகியது. அணைத்தாள்.

"வந்துடுச்சுடி! பச்சைக் கிளி! ஆனா கறை மேலயே உக்காந்திருக்கு. சீ, சேத்துல புரண்ட மாதிரி."

படக்காரி தலையில் கைவைத்தாள். அக்காவின் கண்ணோ வழக்கம்போல அலையப் போய்விட்டது.

"ஏய், பீரோ மேல இருக்கு! இப்ப நடைக்கோடிச் சுவத்துல. அம்மாடி, ஆள் உயரம்!" மடியில் கிடந்த கையைப் பார்த்தாள். "இங்க பாரேன், கட்டைவிரல் அளவுதான்!"

படக்காரிக்கு மயிர்க்கூச்செறிந்தது. பார்க்கும் இடம் தள்ளிப்போனால் அந்த உருவமும் பெரிதாகும், கிட்டே வந்தால் சிறுக்கும். புத்தகத்தில் படித்ததுதான். படித்துவிட்டும், கிளியைச் சுவரில் கட்டிப்போடத்தானே இவ்வளவு நாளும் மல்லுக்கட்டினாள்!

"அக்கா, எந்திரி! நடைக்கதவை இன்னும் நல்லாத் தொறந்து வை!"

"அப்ப சுவரு?"

"சுவரு கிடக்குது, விடு!"

அழைப்பு மணி அடித்தது. நிர்வாகி அளவுநாடாவும் கையுமாக வந்தார்.

"திரை எத்தனை அடிம்மா?"

"திரையே இல்ல சார்."

"திரை இல்லாம என்ன படம்?"

"உக்காருங்க சார். புள்ளியை மட்டும் பாருங்க."

அவர் முறைத்துக்கொண்டே பார்த்தார். அணைத்தாள். "இப்ப எங்க வேணும்னாலும் பாருங்க."

அவர் தலை மெல்லத் திரும்பியது. நடைக்கோடியைப் பார்த்தவரின் வாய் திறந்தது. அக்கா அவள் முழங்கையைக் கிள்ளினாள்.

பிறகு அவர் தன் கையைப் பார்த்தார். அளவுநாடா நழுவி உருண்டது. எடுக்கவில்லை. மறு கையைக் குவித்து அணைவாகப் பிடித்துக்கொண்டு, மூச்சு விடாமல் கேட்டார்:

"உள்ளங்கையில வந்து உக்காந்திருக்கும்மா... கண்ணைச் சிமிட்டினா பறந்துடுமா?"