வெட்ட மறந்த கதவு

எனக்கு ஓரிடத்தில் உட்கார்ந்து பழக்கமில்லை. எங்கள் விமானத் தொழிற்சாலையில் மெஷின் கணக்குப் போட்டுக்கொண்டிருக்கும்போதுகூட அதைச் சுற்றிச் சுற்றி நடந்துகொண்டிருப்பேன். அதை இயக்கும் பையன் ஐவர் கிரிபிள், "நீங்க நடக்கிற நடைக்கு இந்நேரம் லண்டனுக்கே போயிருக்கலாம், மிஸ் டோசர்" என்பான். ஐம்பத்தேழாம் வருஷம் மார்ச்சில் அந்தத் திங்கட்கிழமை காலையிலும், சும்மா இருக்க முடியாமல்தான் நாடா அலமாரியை ஒழுங்குபடுத்தப் போனேன். ஒன்பது நாற்பதுக்கு ஏழாம் எண் டப்பா கைக்கு வந்தது.

மெஷினுக்குக் கட்டளை கொடுக்கும் துளைபோட்ட காகித நாடாக்களை ஷூ பாலிஷ் டப்பா மாதிரியான தகர டப்பாக்களில் வைத்திருப்போம். மூடியைச் சுற்றி ஒரு காகிதப் பட்டை ஒட்டியிருக்கும். அதைக் கிழிக்காமல் டப்பாவைத் திறக்க முடியாது. ஏழாம் டப்பாவில் நான் ஒட்டிய பட்டை அப்படியே இருந்தது. கிழியவே இல்லை.

ஏழாம் டப்பாவில் இருந்தது கதவு.

விமானத்தின் உடல் ஒரு குழாய். அதில் கதவு, ஜன்னல் என்று ஓட்டை போட்டால் கணக்கின் வரிசை குலைந்துவிடும். கட்டம் கட்டமாக அடுக்கிய எண்களைத்தான் மெஷின் பெருக்கும், வகுக்கும். அதற்கு ஒழுங்குதான் பிடிக்கும். அதனால் முதலில் ஓட்டையே இல்லாத முழுக் குழாயாகக் கணக்குப் போடுவோம். கடைசியில், கதவு இருக்கவேண்டிய இடத்துத் தகட்டுக்கு ஒரு பொய் இழுப்பைக் கொடுத்து, அதில் பாரமே இல்லை என்று ஆக்குவோம். பாரம் தாங்காத தகடு இல்லாத தகடுதானே. அந்தப் பொய் இழுப்புதான் ஏழாம் நாடா. எட்டாவது நாடா விடையை அச்சடிக்கும்.

எந்தெந்த நாடாக்களை ஓட்ட வேண்டும் என்று ஜனவரியில் நான் ஐவருக்குக் கொடுத்த பட்டியலைத் தேடி எடுத்தேன். ஒன்று முதல் ஆறு, பிறகு எட்டு. என் கையெழுத்துதான். யார்மேலும் பழி போட வழியில்லை.

அந்த விடையை வைத்துக்கொண்டு நான் ஆடிய ஆட்டம் இருக்கிறதே. கதவைச் சுற்றியுள்ள சட்டத்துக்கு வலுக்கணக்குப் போடுகிறவர் கிளிஃபோர்ட் பாஸ்கோ. பென்சிலும் ஸ்லைடு ரூலுமாக உட்கார்ந்திருப்பார். நாற்பது வயது, சிடுசிடு முகம். அவர் கேட்ட தகட்டில் பாதிக் கனமே போதும் என்று மெஷின் சொல்லியிருந்தது. பின்னே, ஓட்டையே போடாத குழாயில் அந்த இடத்துக்குக் கூடுதல் பாரம் எப்படி ஏறும்? அது அப்போது என் மண்டையில் உறைக்கவில்லை. வலுக்கணக்கு ஆட்கள் யாருக்கும் சொல்லாமல் கொஞ்சம் கனம் கூட்டி வைப்பது வழக்கம். 'பொண்டாட்டி பிள்ளைக்கு' என்று அதற்குப் பெயர். கூட்டத்தில் எல்லார் முன்னாலும் நான் சொன்னேன்: "மிஸ்டர் பாஸ்கோ, உங்க பொண்டாட்டி பிள்ளைக்கெல்லாம் இந்த விமானத்துல சீட்டு கிடையாது." தலைமை இன்ஜினியர் ஹாலெட் கண்ணில் நீர் வரச் சிரித்தார். பாஸ்கோ பென்சிலைச் சீவிக்கொண்டிருந்தார். அடுத்த வாரமே மெல்லிய தகட்டுக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டார்.

அந்த விமான உடலைத்தான் அன்று காலை ஒன்பது மணியிலிருந்து சோதனைக் கொட்டகையில் பம்ப் வைத்துப் பாரம் ஏற்றி வளைத்துக்கொண்டிருந்தார்கள். முழுப் பாரத்தில் அறுபது சதவீதம் வரை ஒருவர் உள்ளே உட்கார்ந்து டயல்களைப் படிக்கலாம். அதற்கு மேல் ஆள் கூடாது. உள்ளே யார் என்பதற்குக் கொட்டகையில் ஒரே விதிதான்: தகட்டுக்கு யார் கையெழுத்துப் போட்டாரோ அவர்.

கொட்டகைக்குப் போன் செய்தேன். மணி அடித்தது, எடுக்க ஆளில்லை. பம்ப் சத்தத்தில் அங்கே எதுவும் காதில் விழாது.

அப்போதே சைக்கிளை எடுத்திருக்க வேண்டும். இன்றைக்கும் அதை நினைத்தால் என்னை நானே அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது. ஆனால் எனக்கு ஓர் எண் வேண்டியிருந்தது. எண் இல்லாமல் போய் நின்றால் பைத்தியம் என்பார்கள் என்று தோன்றியது.

"ஐவர், மெஷினை எனக்குக் கொடு."

"இது இறக்கைக் கணக்கு போடுறவங்க நேரம். மென்னியத் திருகிடுவாங்க."

"என் மென்னியத் திருகச் சொல்லு. ஆறாம் நாடா வரைக்கும் விடை இருக்குல்ல? ஏழாவதையும் எட்டாவதையும் மட்டும் ஓட்டு. பாஸ்கோ உள்ள உட்கார்ந்திருக்கார்."

ஐவர் என் கையிலிருந்த டப்பாவைப் பார்த்தான், பட்டையைப் பார்த்தான். இறக்கைக்காரர்களின் நாடாவை உருவிக் கூடையில் போட்டான்.

முப்பத்தைந்து நிமிஷம். ஜன்னலுக்கும் கதவுக்கும் நடந்தேன். பச்சை விளக்குகள் மினுக்கின. மெஷின் தன் பாட்டுக்குப் பெருக்கிக்கொண்டிருந்தது, அதற்கென்ன. கடைசியில் அச்சு தட்டத் தொடங்கியது. கதவின் முன்பக்கக் கீழ் மூலையில், ஜனவரியில் சொன்னதைப்போல் ஒன்றே முக்கால் மடங்கு பாரம். தகடு ஐம்பத்தேழு சதவீதத்தில் போய்விடும்.

"நீ விடாம போன் அடிச்சிட்டே இரு" என்று ஐவரிடம் சொல்லிவிட்டுக் காகிதத்தைக் கிழித்துக்கொண்டு ஓடினேன்.

ஓடுபாதை ஓரமாகச் சைக்கிளில் பத்து நிமிஷம். செவர்ன் ஆற்றுப் பக்கமிருந்து எதிர்க்காற்று. சாதாரண நாளிலேயே அந்தக் காற்றை நான் திட்டுவேன்.

கொட்டகை வாசலில் ஃபோர்மேன் வின்ஸ்லேட், டீக் கோப்பையும் கையுமாக நின்றார். "என்ன கண்ணு, பறந்து வர்றே? நாய் துரத்துதா?"

"பம்பை நிறுத்துங்க."

"ஹாலெட் ஐயா கையெழுத்து இருக்கா?"

"இல்ல."

"அப்போ டீதான் இருக்கு. குடிச்சிட்டுப் போ."

"மிஸ்டர் வின்ஸ்லேட், நான் கதவை வெட்டல."

அவர் திரும்பி விமானத்தைப் பார்த்தார். கதவு இடத்தில் ஆள் உயரத்துக்கு ஓட்டை இருந்தது. "அதோ இருக்கே, நல்லாத்தான் வெட்டியிருக்காங்க" என்றார். பக்கத்திலிருந்தவர்கள் சிரித்தார்கள்.

"கணக்குல வெட்டல. மறந்துட்டேன். கதவே இல்லைன்னு நினைச்சுத்தான் தகட்டை மெலிசாக்கினேன். அம்பத்தேழுல அந்த மூலை கிழிஞ்சிடும். இப்போ எதுல இருக்கு?"

சிரிப்பு நின்றது. "அம்பதுல" என்றார் வின்ஸ்லேட். "அம்பத்தஞ்சுக்கு ஏத்திட்டிருக்கோம். அடுத்தது அறுபது." கோப்பையைத் தரையில் வைத்துவிட்டு இரண்டு கையையும் தூக்கினார்.

பம்ப் நின்றது. அந்த அமைதியில் சுவரிலிருந்த போன் அடித்துக்கொண்டிருந்தது கேட்டது. ஐவர்தான், பாவம்.

ஓட்டையிலிருந்து பாஸ்கோ தலையை நீட்டினார். "யாரு நிறுத்துனது? அம்பத்தஞ்சு இன்னும் வரலையே."

"வெளிய வாங்க, மிஸ்டர் பாஸ்கோ. தயவுசெஞ்சு வாங்க."

பாரத்தை இறக்கினார்கள், அவரும் ஏணியில் இறங்கி வந்தார். எல்லாவற்றையும் சொன்னேன், பட்டியல் என் கையெழுத்து என்பது உட்பட. கத்துவார் என்று காத்திருந்தேன். அவர் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார்.

"எப்போ தெரிஞ்சுது?"

"ஒன்பது நாற்பதுக்கு."

"இப்போ பத்தரை. இங்க வர பத்து நிமிஷம். மிச்ச நேரம்?"

"எண் இல்லாம வந்தா யாரும் கேக்க மாட்டீங்கன்னு..."

"நான் கேட்டிருப்பேன்" என்றார்.

என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. தரையில் வின்ஸ்லேட்டின் டீ ஆறிக்கொண்டிருந்தது.

"கொஞ்சம் கூட வெச்சிருப்பீங்கல்ல?" என்றேன். "பொண்டாட்டி பிள்ளைக்கு?"

"இல்ல. பதினெட்டு வருஷத்துல இந்தத் தடவைதான் வைக்கல. மெஷினே சொல்லிடுச்சு, அதுக்கு மேல நான் யாருன்னு விட்டுட்டேன்."

மத்தியானம் ஆளில்லாமல் பாரம் ஏற்றினார்கள். ஐம்பத்தொன்பதில் துப்பாக்கி வெடித்த மாதிரி ஒரு சத்தம். முன்பக்கக் கீழ் மூலையிலிருந்து ஜன்னல் வரைக்கும் தகடு கிழிந்து தொங்கியது. உள்ளே பாஸ்கோ காலையில் உட்கார்ந்திருந்த முக்காலிமேல் ஒரு சட்டம் வந்து விழுந்திருந்தது. முக்காலி இரண்டாகக் கிடந்தது.

ஹாலெட் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். "அம்பத்தேழுன்னு சொன்னீங்க, அம்பத்தொன்பதுல போச்சு. எந்த மூலைங்கிறது வரைக்கும் சரி. உங்க மெஷின் பிரமாதம், மிஸ் டோசர்." சிலர் கை தட்டினார்கள். எனக்கு அருவருப்பாக இருந்தது.

"ரெண்டாவது தடவை சொன்னது பிரமாதம்தான்" என்றார் பாஸ்கோ. "நான் உள்ள போனது முதல் தடவை சொன்னதை நம்பி." சொல்லிவிட்டுத் தொப்பியை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

ஏப்ரல் கடைசியில் புதுக் கதவுச் சட்டம் தயாரானது. இந்த முறை எட்டு டப்பாவின் பட்டையையும் நானே கிழித்தேன். கொட்டகை அட்டையில் 'உள்ளே' என்ற இடத்தில் என் பெயரை எழுதினேன். பொம்பளையெல்லாம் உள்ளே போனதில்லை என்று வின்ஸ்லேட் இழுத்தார். ஹாலெட்டும் தொண்டையைக் கனைத்தார்.

"எண் அவங்களோடது" என்றார் பாஸ்கோ. அவர் என்னிடம் பேசி ஐந்து வாரமாகியிருந்தது.

ஏணியில் ஏறும்போது கேட்டேன், "இந்தத் தடவை கூட வெச்சீங்களா?"

"ஏன், உங்களுக்குப் பொண்டாட்டி பிள்ளை இருக்கா?"

உள்ளே போய்ப் புது முக்காலியில் உட்கார்ந்தேன். அசைந்தால் டயல் முள் ஆடும் என்றார்கள். வாழ்க்கையில் முதல்முறையாகக் கையைக் காலை ஆட்டாமல் உட்கார்ந்திருந்தேன். நாற்பது. ஐம்பது. தகடு எங்கோ முனகியது. மூலையையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஐம்பத்தைந்தில் டயல் படிப்பதற்காகப் பம்பை நிறுத்தினார்கள். வெளியே யாரோ நடக்கும் சத்தம் கேட்டது. கொட்டகையின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு, திரும்ப இந்தக் கோடிக்கு. லாடம் அடித்த பூட்ஸ். பாஸ்கோவைத் தவிர அங்கே யாரும் அதைப் போடுவதில்லை.

முள்ளைப் படித்து உரக்கச் சொன்னேன். பம்ப் திரும்பவும் ஓடத் தொடங்கியது.